சம்பந்திக்கு ஒரு மசியல்

மஞ்சுக்கொம்பையைப் பற்றிப் பேச்சு வந்தால் கீழ்மலைக்காரர்கள் ‘அந்த ஊரில் மூளைக்குப் பஞ்சம்’ என்பார்கள். அபாண்டமான பேச்சு. மஞ்சுக்கொம்பைக்காரர்களுக்கு மூளை நிறையவே உண்டு. எடுத்துப் புழங்கினால் தேய்ந்துவிடுமே என்று பத்திரமாக வைத்திருக்கிறார்கள். நல்ல வெண்கலப் பானையை யாராவது தினமும் அடுப்பில் ஏற்றுவார்களா?

அப்படிப் பத்திரமாக வைத்திருந்தவர்களில் முதல் வரிசையில் நிற்கிறவர்கள் வேலப்பனும் அவன் தம்பிகளும். மலைச்சரிவில் உருளைக்கிழங்கு போட்டுப் பிழைக்கிற குடும்பம். மூத்தவன் வேலப்பன், அடுத்தவன் கருத்தமலை, கடைசி சடையாண்டி. மூன்று பேருக்கும் கல்யாணம் ஆகவில்லை. தங்கச்சிக்கு முடிக்காமல் எங்களுக்கு முடிக்க மாட்டோம் என்று வெளியில் சொல்லிக்கொண்டார்கள். கேட்கிறவர்களுக்கும் அதை நம்புவது சௌகரியமாக இருந்தது.

தம்பிகள் இரண்டு பேரும் வெகுளிகள் என்பதில் வேலப்பனுக்குச் சந்தேகமே கிடையாது. தான் ஒருவன் இல்லாவிட்டால் இந்தக் குடும்பம் என்ன ஆகியிருக்கும் என்று அவன் அடிக்கடி நினைத்துப் பார்ப்பான். நினைக்கும்போது அவனுக்கே தன் மேல் ஒரு மரியாதை வரும்.

தங்கச்சி பேர் அழகுநாச்சி. வத்தலக்குண்டில் ஒரு துணிக்கடையில் வேலை பார்த்துக்கொண்டு அங்கேயே விடுதியில் தங்கியிருந்தாள். அந்த வீட்டிலேயே விவரமானவள் அவள்தான் என்று ஊரில் பேச்சு. அம்மா இல்லாத பிள்ளையை வேலப்பன்தான் தலை பின்னி, பள்ளிக்கூடம் அனுப்பி, ஆளாக்கினான். ரெட்டைச் சடை போட்டுவிடச் சொன்னபோது ஒன்றை அவளுக்கும் இன்னொன்றைச் சடையாண்டிக்கும் பின்னிவிட்டவன் அவன். பாசத்தில் ஒரு குறையும் வைக்கவில்லை.

அவளுக்கு வந்த சம்பந்தங்கள் மட்டும் தட்டிக்கொண்டே போயின. முதலில் வந்தவர்கள், “சும்மா பொண்ணைப் பாத்துட்டுக் கெளம்பிருவோம்” என்று சொல்லிவிட்டு வந்தார்கள். வேலப்பன் பெண்ணைக் காட்டினான். “பாத்தாச்சுல்ல, கெளம்புங்க” என்று செருப்பை எடுத்துக் கொடுத்தான். அடுத்து வந்தவர்கள் பெருந்தன்மையானவர்கள். “எங்களுக்குப் பொண்ணைத் தவிர வேற எதுவும் வேண்டாம்” என்றார்கள். அண்ணன்மார்கள் அவளை அந்த நிமிஷமே அவர்களுடைய ஜீப்பில் ஏற்றிவிட்டு, கையை ஆட்டிவிட்டுக் கிழங்குக்கு மண் அணைக்கப் போய்விட்டார்கள். அவள் அழுதுகொண்டே நடந்து வீடு திரும்பினாள்.

இந்தக் கதை அதற்கு அடுத்த சம்பந்தத்தைப் பற்றியது.

ஒரு திங்கட்கிழமை காலையில் அழகுநாச்சி போன் பண்ணினாள். அந்த ஊரில் போன் பேச வேண்டுமானால் கோயில் பாறை மேல் ஏறி நிற்க வேண்டும். வேலப்பன் பாறை உச்சியில் நின்றான். தம்பிகள் இரண்டு பேரும் அவன் விழுந்துவிடாமல் வேட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

“அண்ணே, எங்க கடையில துணி அளந்து குடுக்குறாருல்ல தினகரன், அவரு வீட்டுல ஞாயித்துக்கெழம மத்தியானம் சாப்பிட வர்றாக. எனக்கு அவரப் பிடிச்சிருக்கு. அவருக்கும் பிடிச்சிருக்கு. அவுக அப்பா சரின்னுட்டா முடிஞ்சு போச்சு.”

“வரட்டும் தாயி. கெடா வெட்டிருவோம்.”

“கெடா ஒண்ணும் வேணாம். அவுக அப்பா மாசிலாமணி ஐயா எஸ்டேட் பங்களாவுல காலமெல்லாம் சமையல் பாத்தவரு. இப்பப் பல்லு பூராம் போச்சு. வேற எதுவுமே செய்யாதீக, உருளைக்கிழங்க நல்லா மசிச்சு, வெண்ணெயும் பாலாடையும் போட்டு வெச்சாப் போதும்ண்டு சொல்லிவிட்டிருக்காரு. அது மட்டும் வாய்க்குப் பிடிச்சிருச்சுண்டா கையோட தேதி குறிச்சிருவாரு.”

“அம்புட்டுத்தானா!” என்றான் வேலப்பன். பிறந்ததிலிருந்து உருளைக்கிழங்கோடு கிடக்கிறவனுக்கு இது ஒரு வேலையா?

“அன்னைக்குக் காலையில போயி அடுப்ப ஊதிக்கிட்டு நிக்காதீக. முன்கூட்டியே செஞ்சு வெச்சிருங்க. நல்லாக் கேட்டுக்கோ அண்ணே. பழைய கெழங்கா எடு, புதுசு பசையா இழுக்கும். தோலோட அவிச்சு, சூட்டோட உரி. கட்டி ஒண்ணு கூட இருக்கக் கூடாது. வெண்ணெயக் கணக்குப் பாக்காமப் போடு. அப்பறம் கெட்டுப்போகாமப் பத்திரமா வையி. இதுவும் உங்களால தட்டிப் போச்சுண்டு வையி, நான் இனிமே இந்த மலையேறி வரவே மாட்டேன். சத்தியமா வரமாட்டேன்.”

அவள் சும்மா மிரட்டுகிறவள் இல்லை. தங்கச்சி வராத வீட்டை நினைத்தபோது பாறை மேல் நின்றபடியே வேலப்பன் கண் கலங்கிவிட்டான். “நீ சொன்னதுல ஒரு எழுத்துப் பிசகாமச் செய்யிறேன் தாயி” என்றான். சொன்னபடியே செய்தான். வினையே அதுதான்.

பாறையை விட்டு இறங்கியதும் மூன்று பேரும் கூடி உட்கார்ந்தார்கள்.

“முன்கூட்டிண்டா எம்புட்டு முன்கூட்டி?” என்று கேட்டான் கருத்தமலை.

“எம்புட்டுக்கு எம்புட்டு முன்னாடியோ அம்புட்டுக்கு அம்புட்டு நல்லது” என்றான் வேலப்பன்.

சடையாண்டி விரல் விட்டு யோசித்தான். “அப்பிடிப் பாத்தா போன வருசந்தாண்ணே செஞ்சிருக்கணும்.”

அதை யாராலும் மறுக்க முடியவில்லை. போன வருஷத்தை வீணாகப் போகவிட்டோமே என்று மூன்று பேரும் கொஞ்ச நேரம் வருத்தப்பட்டார்கள். இனியும் தாமதிக்கக் கூடாது என்று அந்தத் திங்கட்கிழமையே அடுப்பை மூட்டினார்கள்.

அடுத்த கேள்வி பழைய கிழங்கு. வீட்டு மூலையில் ஒரு மூட்டைக் கிழங்கு இருந்தது. வேலப்பன் ஒன்றை எடுத்துத் திருப்பிப் பார்த்தான்.

“இது என்ன வயசுடா இருக்கும்?”

“போன மாசம் தோண்டுனது. பச்சப் புள்ள” என்றான் கருத்தமலை.

“இதைவிட மூத்தது யாரு இருக்கா நம்ம வீட்டுல?”

பரண் மேல் இருந்தது விதைக்கிழங்கு. அடுத்த நடவுக்காகத் தேறின கிழங்காகப் பொறுக்கி, வைக்கோல் போட்டு இருட்டில் அடுக்கி வைத்திருந்தார்கள். முளை கட்டித் தோல் சுருங்கி, பார்த்தாலே வணக்கம் வைக்கத் தோன்றும் கிழங்குகள். வேலப்பனுக்குத் திருப்தியாக இருந்தது. பரணைச் சுத்தமாக வழித்து இறக்கினார்கள். சம்பந்திக்குச் செய்வதில் கை இழுக்கக் கூடாது அல்லவா?

தோலோடு அவிப்பதில் ஒரு சிக்கலும் வரவில்லை. அது கிழங்கு செய்ய வேண்டிய வேலை. கிழங்குகள் புத்தியாக நடந்துகொண்டன.

சூட்டோடு உரிப்பதில்தான் வினை வந்தது. எடுத்தால் கை பொசுங்குகிறது. ஊதினால் கிழங்கு ஆறிவிடுகிறது. ஆறினதை மறுபடி அண்டாவில் போட்டுச் சூடாக்கி எடுத்தால் மறுபடி பொசுங்குகிறது. மத்தியானம் வரைக்கும் ஒரே கிழங்கு உள்ளே போய் வெளியே வந்துகொண்டிருந்தது.

“சூடு ஏன் போகுது? குளிருறதால போகுது” என்றான் வேலப்பன். அவன் எதையும் வேரிலிருந்து யோசிக்கிறவன். “குளிருனா நம்ம என்ன செய்வோம்?”

“குல்லா போடுவோம்” என்றான் சடையாண்டி.

வீட்டிலிருந்த கம்பளிக் குல்லா எல்லாவற்றையும் கொண்டுவந்து கிழங்குகளுக்கு மாட்டினார்கள். போதாததற்குப் பக்கத்து வீடுகளில் இரவல் வாங்கினார்கள். குல்லா போட்ட கிழங்குகள் வரிசையாக உட்கார்ந்திருந்ததைப் பார்த்தால் பஞ்சாயத்துக் கூட்டம் மாதிரி இருந்தது. குல்லாவுக்குள் கையை விட்டு, கண்ணால் பார்க்காமல், தடவித் தடவித் தோலை உரித்தார்கள். தோலும் வந்தது, கொஞ்சம் கம்பளியும் வந்தது. கம்பளி பங்களாக்காரர்களுக்குப் பழக்கமான பொருள்தான் என்று வேலப்பன் தம்பிகளைத் தேற்றினான்.

பிறகு மத்தை எடுத்து மசித்தார்கள். கட்டி ஒன்றுகூட இருக்கக் கூடாது என்பது தங்கச்சியின் உத்தரவு. ஆகவே கருத்தமலை மசிக்க, சடையாண்டி கையை விட்டுத் துழாவிக் கட்டிகளைப் பொறுக்கி வேறொரு சட்டியில் போட்டான். நேரம் ஆக ஆக அண்டா குறைந்தது, சட்டி நிறைந்தது. கடைசியில் அண்டாவில் ஒரு கரண்டி மசியலும் சட்டியில் மலையாகக் கட்டிகளும் நின்றன.

“இந்தக் கட்டியையும் மசிச்சிரலாமாண்ணே?” என்றான் சடையாண்டி.

வேலப்பன் நெற்றியைச் சுருக்கினான். “மசிச்சிட்டா அது கட்டியா இருக்குமா?”

“இருக்காது.”

“அப்பக் கட்டியப் பொறுக்கிட்டியாண்டு தங்கச்சி கேட்டா எதைக் காட்டுவ?”

கருத்தமலைதான் வழி சொன்னான். அடையாளத்துக்கு ஒரு கட்டியை மட்டும் மாடத்தில் எடுத்து வைத்துவிட்டு மற்றதை மசிப்பது என்று முடிவானது. இப்படி ஒரு தம்பி இருக்கிறானே என்று வேலப்பனுக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

வெண்ணெய் போடும் கட்டம் வந்தது. கணக்குப் பார்க்காமல் போட வேண்டும். பார்த்தால் கணக்குத் தன்னால் வந்துவிடும் என்பதால் மூன்று பேரும் அண்டாவுக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டு, எருமை வெண்ணெயை உருட்டித் தோளுக்கு மேலாகப் பின்னால் வீசினார்கள். பாதி அண்டாவில் விழுந்தது. கொஞ்சம் அடுப்பில் விழுந்தது. மிச்சம் வாசலில் படுத்திருந்த நாயின் மேல் விழுந்தது. அந்த நாய்க்குப் பிறந்த நாளிலிருந்து நடந்த ஒரே நல்ல காரியம் அதுதான்.

பாலாடையும் உப்பும் போட்டுக் கிளறி முடித்தபோது, பொய் சொல்லக் கூடாது, அண்டாவிலிருந்து கிளம்பின வாசனை பிரமாதமாக இருந்தது. கம்பளியைத் துப்பிவிட்டால் எந்தச் சம்பந்தியும் மயங்கிப்போகிற மசியல். சடையாண்டி ருசி பார்க்கக் கையை நீட்டினான். “வந்தவுக சாப்பிடாம நம்ம கை வைக்கக் கூடாது” என்று வேலப்பன் அந்தக் கையில் ஒன்று வைத்தான்.

இனி கெட்டுப்போகாமல் பத்திரமாக வைக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமைக்கு இன்னும் எத்தனையோ நாள் கிடக்கிறது.

“உருளைக்கெழங்கு கெடாம இருக்கணும்ண்டா எங்க வைப்போம்?” என்று கேட்டான் வேலப்பன்.

“பரண்ல வைப்போம்” என்றான் கருத்தமலை. சொல்லிவிட்டுப் பரணை அண்ணாந்து பார்த்தான். பார்த்தவன் பார்த்தபடியே நின்றான். பரணில் ஒரு வைக்கோல் துரும்பும் ஒரு பல்லியும்தான் இருந்தன.

“அண்ணே. விதைக்கெழங்கு?”

அப்போதுதான் மூன்று பேருக்கும் உறைத்தது. ஒரு வெள்ளாமைக்கான விதை முழுவதும் வெண்ணெயோடு அண்டாவில் கிடந்தது. கருத்தமலை தலையில் கை வைத்துக்கொண்டான். சடையாண்டி பல்லியைப் பார்த்து அழ ஆரம்பித்தான். அந்தப் பக்கம் தங்கச்சியின் கல்யாணம், இந்தப் பக்கம் வயல். எதை விடுவது? வேலப்பன் அடுப்புப் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து வெகுநேரம் யோசித்தான். அந்த வீட்டில் அவன் ஒருவன்தான் யோசிக்கத் தெரிந்தவன் என்பதால் தம்பிகள் மூச்சு விடாமல் காத்திருந்தார்கள்.

திடீரென்று வேலப்பன் எழுந்தான். முகத்தில் அப்படி ஒரு தெளிவு. அந்த முகத்தைப் பார்த்தால் ஊர்க்காரர்கள் வேலியை இறுக்கிக் கட்டுவார்கள்.

“டேய், இது என்ன கெழங்கு?”

“விதைக்கெழங்கு.”

“அவிச்சா அது வேற கெழங்கா ஆயிருமா? எருமையக் குளிப்பாட்டுனா பசுவா ஆயிருமா? விதைக்கெழங்கு எப்பவும் விதைக்கெழங்குதான். உருளைக்கெழங்குக்கு மண்ணைவிடப் பத்திரமான எடம் எது? கொண்டுபோயி நட்டுருவோம். சம்பந்திக்கு முன்கூட்டியே செஞ்சு வெச்சதாவும் ஆச்சு, நடவு முடிச்சதாவும் ஆச்சு. ஒரு அண்டாவ நட்டா ஒம்பது அண்டா வரும். வர்றவுக வயித்துக்கும் பஞ்சமில்ல.”

தம்பிகள் இரண்டு பேரும் அவன் காலைத் தொட்டுக் கும்பிட்டார்கள். வேலப்பனுக்குக் கூச்சமாக இருந்தது. ஆனாலும் காலை இழுத்துக்கொள்ளவில்லை.

மறுநாள் காலையில் நடுவதற்காக வயலுக்குப் போனார்கள். மசியலைக் கொழுக்கட்டை மாதிரி உருட்டி வரிசையாக வைத்தார்கள். அங்கேதான் கருத்தமலை நிறுத்தினான்.

“அண்ணே, நட்டாக் கண்ணு மேல பாத்து இருக்கணும். இதுல கண்ணே இல்லியே?”

நியாயமான கேள்வி. கிழங்கில் முளை வருகிற இடம் அந்தக் கண்தான். அது இல்லாவிட்டால் செடி எந்த வழியாக வரும்? மசிக்கிற அவசரத்தில் கண்ணெல்லாம் கலந்துபோயிருந்தது. வேலப்பன் சடையாண்டியை வீட்டுக்கு விரட்டி மிளகு டப்பாவை எடுத்துவரச் சொன்னான். ஒவ்வொரு உருண்டையிலும் இரண்டு மிளகைப் பதித்தார்கள். உருண்டைகள் அவர்களைத் திருதிருவென்று பார்த்தன. ஒரு உருண்டைக்குச் சடையாண்டி மறதியாக மூன்று மிளகு வைத்துவிட்டான். அதைத் தனியாக, சாமி உருண்டை என்று, ஈசான மூலையில் மரியாதையாக நட்டார்கள்.

மண் அணைத்தார்கள். தண்ணீர் விட வேண்டும். வேலப்பன் குடத்தைத் தடுத்தான்.

“தண்ணி விட்டா மசியல் நீத்துப்போகுமே, அறிவு கெட்டவனே. ருசி போயிரும்.”

அதனால் பால் விட்டார்கள். காய்ச்சின பால். அன்றிலிருந்து காலையும் மாலையும் எருமையைக் கறந்து, காய்ச்சி, ஆற்றி, வாளியில் வயலுக்குக் கொண்டுபோய் வரிசை வரிசையாக ஊற்றினார்கள். வீட்டில் காப்பிக்குப் பால் இல்லை. மஞ்சுக்கொம்பையின் எறும்புகள் எல்லாம் வேறு ஜோலியை விட்டுவிட்டு அந்த வயலில் குடியேறின. ஊரில் உள்ள நாய்கள் வரப்பைச் சுற்றி உட்கார்ந்து பெருமூச்சு விட்டன. மண்ணுக்கு ராசி வந்துவிட்டது என்று அண்ணன் தம்பிகள் பேசிக்கொண்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. முளை வரவில்லை. வேலப்பன் விடிந்ததிலிருந்து வயலுக்கும் வீட்டுக்குமாக நடந்தான். மனசுக்குள் ஒரு பயம் புகுந்துகொண்டது. கிழங்கு போட்டால் செடி வந்து, பூத்து, தழை காய்ந்து சாய்ந்த பிறகுதான் தோண்ட வேண்டும். அது அவனுக்குச் சின்ன வயதிலிருந்து தெரியும். சம்பந்தி மத்தியானம் வருகிறார் என்பதும் தெரியும். இந்த இரண்டு விஷயங்களும் அவன் தலைக்குள் இத்தனை நாளும் தனித்தனி அறையில் இருந்தன. இன்றைக்குத்தான் ஒன்றை ஒன்று சந்தித்தன.

மத்தியான பஸ்ஸில் அழகுநாச்சியும் விருந்தாளிகளும் வந்து இறங்கினார்கள். மாசிலாமணி ஐயா வெள்ளை வேட்டி, கழுத்தில் மப்ளர், பொக்கை வாய் நிறையச் சிரிப்பு. பின்னால் தினகரன், புதுச்சட்டையில் அடக்கமாக. மலைக்காற்றில் வந்த பசி எல்லார் முகத்திலும் தெரிந்தது. நேராகப் பந்தியில் உட்கார வைத்தார்கள். இலை போட்டார்கள். தண்ணீர் தெளித்தார்கள். வேறு எதுவுமே செய்யாதீர்கள் என்று சம்பந்தி சொல்லியிருந்ததால் சோறு இல்லை, குழம்பு இல்லை, ஒரு அப்பளம் இல்லை.

மாசிலாமணி இலையைப் பார்த்தார். இலை அவரைப் பார்த்தது.

“அண்ணே, மசியல எடுத்துட்டு வா” என்றாள் அழகுநாச்சி.

வேலப்பன் கையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

“செஞ்சீகளா இல்லியா?”

“முன்கூட்டியே செஞ்சாச்சு தாயி. திங்கக்கெழமையே.”

“அப்ப எங்க?”

“வளந்துக்கிட்டு இருக்கு” என்றான் வேலப்பன். “இன்னும் முளை விடல. தையில தோண்டிரலாம்.”

அழகுநாச்சிக்குப் பாதி சொல்லும்போதே புரிந்துவிட்டது. கருத்தமலையும் சடையாண்டியும் மீதியைப் பெருமையாகச் சொல்லி முடித்தார்கள். குல்லா, கட்டி, மிளகு, பால் எதையும் விடவில்லை. சாட்சிக்கு மாடத்தில் வைத்திருந்த கட்டியைக்கூட எடுத்துவந்து காட்டினார்கள். அவள் சுவரில் சாய்ந்து முகத்தை மூடிக்கொண்டாள். “போச்சு. எல்லாம் போச்சு. எந்தச் சென்மத்துல என்ன பாவம் செஞ்சேனோ!” என்று அழுதாள். வேலப்பனுக்குப் பூமி பிளந்து தன்னையும் நட்டுக்கொண்டால் தேவலை என்றிருந்தது.

மாசிலாமணி ஐயா காலி இலையை மடித்துவிட்டு எழுந்தார். சிரிப்பு போயிருந்தது. மப்ளரைச் சரி பண்ணிக்கொண்டார்.

“வயல் எங்கிட்டு இருக்கு?” என்று மட்டும் கேட்டார்.

எல்லாரும் சாவு வீட்டுக்குப் போவது மாதிரி வயலுக்கு நடந்தார்கள். நாய்கள் எழுந்து வழி விட்டன. பெரியவர் வரப்பில் குந்தினார். ஒரு பிடி மண்ணை அள்ளி மூக்குக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். கண்ணை மூடினார். வேலப்பன் பக்கத்தில் போய்க் குந்தினான்.

“எருமை வெண்ணெயா?”

“ஆமாங்க மாமா.”

“மிளகு இடிச்சதா, முழுசா?”

“முழுசா. ரெண்டு ரெண்டு.”

பெரியவரின் கண்ணில் தண்ணீர் கோத்துக்கொண்டது. “பங்களாவுல இருந்தப்பத் தொரைசானியம்மா ஒருநா கேட்டாக. மாசிலாமணி, இவ்வளவு ருசியா இருக்கே, இந்த மசியல் எந்த ஊருல வெளையுதுண்டு. எனக்குப் பதில் தெரியல. வாழ்க்க பூராம் அந்தக் கேள்வி மனசுல முள்ளாக் கெடந்துச்சு. இன்னைக்குத்தான் பாத்தேன்.” வேலப்பனைத் தூக்கி நிறுத்திக் கட்டிக்கொண்டார். “சம்பந்தின்னா ஒரு வேளைக்கு ஆக்கிப் போடுவாக. எனக்காக வெள்ளாமையே வெச்சவுக நீங்கதான். பொண்ணு எங்க வீட்டுக்குத்தான். தை மாசம் அறுவடையும் முகூர்த்தமும் ஒண்ணா வெச்சுக்குவோம்.”

கருத்தமலையும் சடையாண்டியும் நாய்களைக் கட்டிக்கொண்டு ஆடினார்கள். வேலப்பன் விசும்பி விசும்பி அழுதான். தங்கச்சி இனி மலையேறி வருவாள் என்பதைத் தவிர அவனுக்கு வேறு எதுவும் தோன்றவில்லை.

அழகுநாச்சி முகத்தைத் துடைத்துக்கொண்டு தினகரன் பக்கத்தில் போய் மெதுவாகக் கேட்டாள்: “உங்க அப்பா எப்பவுமே இப்பிடித்தானா?”

“இல்லியே” என்றான் தினகரன். “இன்னைக்குக் கொஞ்சம் தெளிவா இருக்காரு.”

“இப்பவே கொஞ்சம் தோண்டித் தரட்டுமா மாமா, பசிக்குமே” என்றான் வேலப்பன். பெரியவர் பதறிப்போனார். பிஞ்சு மசியல் வயிற்றுக்கு ஆகாதாம். ஆகவே விருந்தாளிகள் ஒரு சொம்பு தண்ணீரைக் குடித்துவிட்டு, வயிறு ஒட்ட, மனசு நிறைய, நாலு மணி பஸ்ஸில் ஏறினார்கள்.

பஸ் கிளம்பியது. முதல் கொண்டை ஊசி வளைவில் திடீரென்று நின்றது. அதிலிருந்து மாசிலாமணி ஐயா குதித்து, மப்ளர் பறக்க, மேடேறி ஓடி வந்தார். நடுவழியில் யாரோ அவருக்குப் புத்தி சொல்லிவிட்டார்கள், சம்பந்தம் இத்தோடு போயிற்று என்று வேலப்பன் நினைத்தான். தம்பிகள் இரண்டு பேரும் அவன் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார்கள். அழகுநாச்சி நின்ற இடத்திலேயே உட்கார்ந்துவிட்டாள்.

பெரியவர் வந்து மூச்சு வாங்கினார்.

“சம்பந்தி, பெரிய தப்பு நடந்துபோச்சு. கல்யாணப் பந்தியில வெறும் மசியல மட்டுமா போடுவீக? வடை இல்லாம ஊருக்காரன் என்ன பேசுவான்? இப்பவே நட்டாத்தான் தைக்குள்ள வரும்!”

வேலப்பன் நெற்றியில் அடித்துக்கொண்டான். இது எப்படித் தனக்குத் தோன்றாமல் போனது! பெரியவரைக் கும்பிட்டு பஸ் ஏற்றிவிட்டு, டீக்கடைக்கு ஓடி, தட்டில் இருந்த உளுந்த வடை அத்தனையும் வாங்கி வந்தான். வெளிச்சம் இருக்கும்போதே அடுத்த பாத்தியைக் கொத்தினார்கள். முதல் குழியிலேயே தகராறு வந்துவிட்டது.

“ஓட்டை கிழக்கப் பாத்து இருக்கணும். செங்குத்தா வையி” என்றான் கருத்தமலை.

“செங்குத்தா வெச்சா மண்ணுக்குள்ள உருண்டு பக்கத்து வயலுக்குப் போயிரும். கவுத்து வையி” என்றான் சடையாண்டி.

“வடைக்குக் கவுத்தறது எது, நிமித்தறது எது?” என்றான் வேலப்பன். அந்தக் கேள்வியின் ஆழத்தில் மூன்று பேரும் முங்கிப்போய், ஆளுக்கொரு வடையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்கள்.

வரப்பில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அழகுநாச்சி பெருமூச்சு விட்டாள். சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு பாத்திக்குள் இறங்கினாள். அண்ணன் கையிலிருந்த வடையைப் பிடுங்கிக் குழியில் படுக்கையாக வைத்தாள்.

“உங்கள வெச்சுக்கிட்டு நான் என்னதான் செய்யிறதோ! ஓட்டைய மேல பாத்து வையிண்ணே. அதுவழியாத் தண்ணி விடத்தான ஓட்டையே போட்டிருக்கான்!”